மேல் வீட்டு உடுக்கு

பார்க்கில் மகனைக் கூப்பிடும்போதெல்லாம், சத்தம் கூடிவிட்டதோ என்று சுற்றிப் பார்த்துக்கொள்வேன். மெல்லக் கூப்பிட்டிருந்தால் காதில் விழாமல் கேற்றைத் தாண்டியிருப்பானே என்று அடுத்த நிமிடமே பயம் வரும். அம்மாவுக்கு இந்தக் குழப்பமெல்லாம் இருந்ததில்லை. நான் சிறுமியாயிருந்தபோது, லண்டன் ஈஸ்ட் ஹாமில் எங்கள் மூன்றாம் மாடி ஜன்னலைத் திறந்து அவர் "பிள்ளேய்" என்று இழுத்தால், கீழே விளையாடும் எல்லாப் பிள்ளைகளும் நிமிர்ந்து பார்ப்பார்கள்.

"கத்தாதையும். ஆரும் கவுன்சிலுக்கு எழுதப் போகினம்" என்பார் அப்பா.

அதனால் மேல் வீட்டு நைஜீரியாக்காரர் கதவைத் தட்டியபோது, முறைப்பாடுதான் என்று நினைத்து அப்பா முதலிலேயே மன்னிப்புக் கேட்டுவிட்டார். வந்தவரோ சினிமாவுக்கு இசையமைப்பவர். அவருடைய ஊர் மேளம் பேசுமாம். கக்கத்தில் இடுக்கி அதன் கயிறுகளை நெரித்தால் குரல் ஏறி இறங்கி, ஆளின் பெயரையே சொல்லுமாம். அதை வயலின்களோடும் கம்ப்யூட்டர் ஒலிகளோடும் சேர்த்து வாசிப்பவர் அவர். புதுப் படத்தில் ஒரு தாய் மகனைத் தேடுகிறாள். அந்த இடத்துக்கு என் அம்மா என்னைக் கூப்பிடும் ராகம் வேண்டும் என்றார்.

அம்மா அவர் கொண்டுவந்த மேளத்தைத் தடவிப் பார்த்தார். "எங்கட உடுக்குத்தானே இது. கொஞ்சம் வளந்திட்டுது."

நான் மொழிபெயர்த்தேன். அவர் வெகுநேரம் சிரித்தார்.

அம்மா கூப்பிடுவது என்னைத்தானே. ஆகவே என் பெயர் சினிமாவில் வரப்போகிறது என்று வகுப்பு முழுக்கச் சொல்லிவிட்டேன்.

சனிக்கிழமை எங்கள் வீட்டில் வைத்த மைக்கைக் கண்டதும் அம்மாவின் குரல் சுருங்கிப்போனது. எத்தனை தரம் முயன்றும் இசையமைப்பாளர் தலையசைக்கவில்லை.

"பிள்ளை பக்கத்தில நிக்கேக்க எப்பிடிக் கூப்பிடுறது?" என்று அம்மா என்னைக் கீழே அனுப்பினார். ஊஞ்சலடியில் தலைமயிரைச் சரிசெய்துகொண்டு காத்து நின்றேன். ஜன்னல் திறந்தது. அம்மா என்னைப் பார்க்கவில்லை. எதிர்வீட்டுக் கூரைகளுக்கு மேலால் எங்கேயோ பார்த்தபடி, "தம்பீ..." என்றார்.

நான் மூச்சிரைக்க மேலே ஓடினேன். "எனக்குத்தான் தம்பி இல்லையே. ஏன் அப்பிடிக் கூப்பிட்டனீங்கள்?"

"வாய் தவறிட்டுது."

"அப்ப திரும்பக் கூப்பிடுங்கோ."

"ஏலாது பிள்ளை."

இசையமைப்பாளர் ஹெட்போனைக் கழற்றி, இதுவே போதும் என்றார். அன்றைக்கு மட்டும் அப்பா சத்தத்தைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை.

படம் வந்தபோது இசையமைப்பாளரே எங்களைக் கூட்டிப்போனார். அதில் அம்மாவின் குரல் இல்லை. வயலின்களுக்கு நடுவே அந்த மேளம் அம்மாவைப் போலவே இழுத்து, திரும்பத் திரும்பக் கூப்பிட்டது. திரையில் யாரும் வரவில்லை. அம்மா என் கையை நோக நோகப் பிடித்திருந்தார். என் பெயர் வராத கோபத்தில் நான் கையை உருவிக்கொண்டேன்.

எங்கள் ஷோகேசில் மாமாவின் போட்டோ ஒன்று இருந்தது. அம்மாவுக்கு ஒரே தம்பி. சண்டை நடந்த ஊரில் நிற்கிறார் என்றுதான் எனக்குச் சொல்லியிருந்தார்கள். ஊரில் நிற்பவர் ஏன் ஒருநாளும் எங்களுக்குப் போன் எடுப்பதில்லை என்று கேட்க எனக்குத் தோன்றவேயில்லை.