யோகன் பழகின லண்டன் மரியாதை

படக் கசெற் வாடகைக்குக் குடுக்கிறவன் கசெற்றைக் குடுத்துப்போட்டுத் தப்பேலாது. பாத்தவையின்ர விளக்கத்தையும் இருந்து கேக்க வேணும். தொண்ணூறுகளில இத்தாலியின்ர பலெர்மோ நகரத்தில பையைத் தோளில கொழுவிக்கொண்டு வீடுவீடாய்த் திரிஞ்ச என்னைப்போல ஆக்களுக்கு இது விளங்கும்.

வெள்ளம் வந்த வீடு

லண்டனில இருந்து மச்சான் அனுப்பின கசெற் ஒண்டில, தமிழ்ப்படம் முடிய ஒரு இங்கிலீசுப் பகிடி நிகழ்ச்சி கிடந்தது. வெள்ளைக்காரர் தங்கட சனத்தையே நக்கலடிக்கினம். ஒரு வீட்டுக்குள்ள முழங்கால் மட்டும் வெள்ளம். குடும்பம் அசையாமல் தேத்தண்ணி குடிச்சுக்கொண்டு வெயிலைப் பற்றிக் கதைக்குது.

பொலிதேயாமாப் பக்கம் ஒரு சிஞ்ஞோரா, அதுதான் இத்தாலிக்கார அம்மா, வீட்டில வேலை செய்யிற யோகனுக்கு அந்த நேரம் லண்டனில கலியாணப் பேச்சு நடந்தது. முந்தின சம்பந்தமெல்லாம் குழம்பி, பெடியன் நொந்து போயிருந்தவன். லண்டன் மரியாதை பழகவெண்டு என்னட்டை அந்தக் கசெற்றை வாங்கித் திருப்பித் திருப்பிப் போட்டான். "இது பகிடியடா, பின்னால சனம் சிரிக்கிறது கேக்கேல்லையே?" எண்டன்.

"அது அயலட்டைச் சனம் அண்ணை. வெள்ளம் வந்த வீட்டைப் பாத்து அயல் சிரிக்காதே?"

வுச்சீரியாவில வரிசை

அதே கசெற்றில வெள்ளைக்காரர் வரிசையில நிண்டு, தங்கட காலை மிதிச்சவனிட்டயே மன்னிப்புக் கேக்கினம். யோகன் அதை வுச்சீரியாச் சந்தையில பழகிப் பாத்தான். அங்கை வரிசை எண்ட சாமானே இல்லை. சனம் இடிச்சுக்கொண்டு முன்னுக்குப் போக, இவன் ஒவ்வொருத்தரிட்டையும் மன்னிப்புக் கேட்டு வழிவிட்டு, கையைக் கட்டிக்கொண்டு நிண்டான். கடைசியில மீன்காரன் பொறுமை கெட்டுக் கேட்டானாம்.

"நீ மீன் வாங்க வந்தனியோ, மீன்ர செத்தவீட்டுக்கு வந்தனியோ?"

சுடுசூப்

பொம்பிளையின்ர தமையன் லண்டனில இருந்து மாப்பிள்ளை பாக்க வந்தார். ஸ்ஃபெர்ராகவால்லோக் கடற்கரையில ஒரு சாப்பாட்டுக் கடையில சந்திப்பு. யோகன் கேட்டபடியால் நானும் போனன். லண்டன் மரியாதையெண்டு அவன் மரக்கட்டை மாதிரி இருந்தான். சிரிப்பில்லை, கதையில்லை. இதுவும் குழம்பினால் பெடியன் தாங்கமாட்டான். கசெற் குடுத்த என்னைத்தான் சனமும் திட்டும்.

அந்த நேரம் பாத்து, பரிமாறினவன் கை தவறிக் கொதிக்கிற மீன்சூப்பை யோகன்ர மடியில ஊத்திப்போட்டான். யோகன்ர கண் நிறைஞ்சிட்டுது. வாய் மட்டும் சொல்லுது: "மன்னிக்க வேணும். இண்டைக்கு நல்ல வெயில், என்ன?" நான் தலையில கையை வைச்சன். தமையன் மேசையில கிடந்த துவாயை எடுத்து அவனிட்டைக் குடுத்தார். பிறகு என்ர பக்கம் திரும்பினார்.

"சம்பந்தத்தை முற்றாக்குவம். என்ர தங்கச்சியின்ர வாய்க்கு இப்பிடி ஒரு ஆளைத்தான் நாங்கள் தேடித் திரிஞ்சது."

தங்களைத் தாங்களே நக்கலடிச்ச வெள்ளைக்காரரைப் பாத்து உண்மையாய் உருப்பட்ட ஒரே ஆள், எனக்குத் தெரிய, எங்கட யோகன்தான்.