பாதி இறக்கிய ஷட்டர்கள்

இதைக் கதை என்று நினைத்துப் படிக்கிறவர்கள் அப்படியே படித்துக்கொள்ளுங்கள். எனக்கு ஒன்றும் நட்டமில்லை. ஆனால் இது நடந்தது. போன புரட்டாசிக் கடைசியில், தஞ்சாவூரில், கீழவாசலுக்குப் பக்கத்தில் ஒரு பழைய கடைத்தெருவில் நடந்தது. தெருவின் பெயரை மட்டும் கேட்காதீர்கள். அங்கே கடை வைத்திருப்பவர்கள் பிழைக்க வேண்டும்.

நடந்தது லின்சிக்கு. மானம்புச்சாவடிப் பெண். லுத்தரன் சபைக் குடும்பம். பேய் பிசாசு என்று யாராவது ஆரம்பித்தால் "வேற வேலை இல்லையா உங்களுக்கு" என்று எழுந்து போகிற ஆள். அவள் பார்க்கும் வேலை கொஞ்சம் புதுசு. வெளியூர்க்காரர்களைக் கூட்டிக்கொண்டு பழைய கடைத்தெருக்களில் நடப்பாள். எந்த மாடியில் மராட்டியர் காலத்து மரத்தூண் நிற்கிறது, எந்தக் கடை நாலு தலைமுறையாகப் பாத்திரம் விற்கிறது என்று சொல்லிக்கொண்டே போவாள். அவள் கழுத்தில் ஒரு சின்ன மைக். வருகிறவர்கள் காதில் ஆளுக்கொரு கருவி. அவள் மெல்லப் பேசினாலும் தெரு இரைச்சலைத் தாண்டிக் கேட்கும். கடைத்தெருவைச் சுற்றிப் பார்க்கக்கூட ஆள் வருமா என்று கடைக்காரர்கள் முதலில் வாயைப் பிளந்தார்கள். பிறகு பழகிவிட்டார்கள்.

அந்தச் சனிக்கிழமை லின்சிக்குச் சாதாரண நாள் இல்லை. சென்னையில் இருக்கிற ஒரு சுற்றுலாக் கம்பெனி, மார்கழி, தை முழுக்கத் தன் ஆட்களை இந்த நடைக்கு அனுப்பலாம் என்று யோசித்துக்கொண்டிருந்தது. முன்னதாகப் பார்த்துவிட்டு வர பிரதீபா என்ற அதிகாரியை அனுப்பியது. பிரதீபாவுக்குப் பிடித்துவிட்டால் லின்சியின் பிழைப்பு நிமிர்ந்துவிடும். பிடிக்காவிட்டால் பழையபடி ஏதாவது ஓர் ஆபீஸில் பஸ் டிக்கெட் போட்டுக் கொடுக்கப் போக வேண்டியதுதான்.

அப்பேர்ப்பட்ட நாளில் தியாகு வரவில்லை.

தியாகு அவளுடைய கூட்டாளி. இரண்டு பேரும் சேர்ந்து ஆரம்பித்த தொழில் இது. அவள் முன்னால் பேசிக்கொண்டு போவாள். அவன் யாரும் பின்தங்காமல் கடைசியில் வருவான். கடைக்காரர்கள் அத்தனை பேரும் அவனுக்கு மாமன் மச்சான் மாதிரி. கொஞ்ச நாளாக அவன், "திருவையாத்துல தனியா ஒரு நடை ஆரம்பிக்கலாம்னு பாக்கறேன்" என்று சொல்லிக்கொண்டிருந்தான். லின்சிக்கு அது பிடிக்கவில்லை. அன்று மத்தியானம் திடீரென்று போன் செய்து, நன்னிலத்தில் சித்தப்பா வீட்டு விசேஷம், வர முடியாது என்றான். விசேஷம் என்ன வானத்திலிருந்தா குதித்தது? முதல் நாளே தெரிந்திருக்காதா? லின்சிக்கு உறுத்திக்கொண்டே இருந்தது.

ஆனாலும் நடை நன்றாகவே போனது. பிரதீபாவும் அவளுடைய கம்பெனி ஆட்களுமாக எட்டுப் பேர். கேள்வி கேட்டார்கள், சிரித்தார்கள், படம் எடுத்தார்கள். கடைசித் தெருவுக்குள் நுழையும்போது விளக்கு வைக்கிற நேரம். மணி ஆறு பத்து.

முதல் கடை அஸார் பாயின் அத்தர் கடை. வழக்கமாக அவர் வெளியே வந்து, எல்லோருடைய மணிக்கட்டிலும் ஒரு சொட்டு அத்தர் தடவி விடுவார். அன்று இவர்கள் வருவதைப் பார்த்தார். எழுந்தார். ஷட்டரைப் பிடித்து இழுத்தார்.

கடகடகட... டம்.

பாதியில் நின்றது. உள்ளே விளக்கும் அணைந்தது.

லின்சிக்கு முகம் சுருங்கிவிட்டது. "பாய் தொழுகைக்குக் கிளம்புறார் போல" என்று மைக்கில் சமாளித்தாள்.

அடுத்தது பாத்திரக் கடை. கடகடகட... டம்.

எதிரே வளையல் கடை. கடகடகட... டம்.

பார்த்துக்கொண்டிருக்கும்போதே தெரு முன்னால் முன்னால் மூடிக்கொண்டே போனது. லின்சி திரும்பிப் பார்த்தாள். பின்னால் அஸார் பாயின் ஷட்டர் மேலே ஏறிக்கொண்டிருந்தது. விளக்கும் எரிந்தது. இவர்கள் வரும்போது மூடுகிறார்கள். தாண்டியதும் திறக்கிறார்கள்.

கடைத்தெருவில் எதற்கு இப்படிச் செய்வார்கள் என்று லின்சிக்குத் தெரியாதா என்ன? தெருவில் பிணம் போனால் ஷட்டரைப் பாதி இறக்குவார்கள். ஊர்வலம் தாண்டியதும் ஏற்றுவார்கள். எந்தச் சாதி, எந்த மதம் என்ற பேச்சே கிடையாது. ஆனால் தெருவில் பிணம் இல்லை. லின்சியும் அவளுடைய எட்டு ஆட்களும்தான் இருந்தார்கள்.

இது கேலி. யாரோ சொல்லிக்கொடுத்துச் செய்கிற கேலி. இந்தத் தெரு மொத்தமும் கேட்கிற பேச்சு ஒருவனுடையதுதான். அவளுக்குக் காது மடல் சுட்டது.

"மேடம்..." பிரதீபா கூப்பிட்டாள். "உங்க மைக்ல ஏதோ மணி சத்தம் வருது."

"என்ன மணி?"

"தெரியல. விட்டு விட்டு வருது."

லின்சி ஒரு கருவியை வாங்கித் தன் காதில் வைத்தாள்.

டொய்ங்...

டொய்ங்...

சேகண்டி. சாவு வீட்டில் அடிக்கிற சேகண்டி. நடுவில் ஒரு சங்கு.

அவள் மைக்கை அணைத்தாள். "இப்ப?"

"இன்னும் கேக்குதுங்க" என்றாள் பிரதீபா.

லின்சி வேகமாக நடந்தாள். தெரு முனை வந்தால் போதும் என்றிருந்தது. ஒருமுறை திரும்பிப் பார்த்தாள். இந்த நடையில் வருகிறவர்கள் எப்போதும் ஆளுக்கொரு பக்கம் சிதறித்தான் வருவார்கள். இன்று அப்படி இல்லை. இந்தப் பக்கம் நாலு பேர், அந்தப் பக்கம் நாலு பேர். நடுவில் ஒரு கட்டில் அகலத்துக்கு இடம். எட்டுப் பேரும் உள்பக்கக் கையைத் தூக்கிக் காதில் வைத்திருந்தார்கள்.

எட்டுப் பேரின் காலும் ஒன்றாக விழுந்தது.

தெரு முனையில் பூ விற்கிற எல்லையம்மாள் தரையில் சாக்கு விரித்து உட்கார்ந்திருப்பாள். மூட அவளுக்கு ஷட்டர் கிடையாது. அவள் எழுந்து நின்றாள். லின்சியைப் பார்க்கவில்லை. பின்னால், அந்த எட்டுப் பேரின் தோள் உயரத்தில் எதையோ பார்த்தாள்.

வாயைப் பொத்திக்கொண்டாள்.

பிறகு ஒரு கை உதிரிப்பூவை அள்ளித் தெருவில் போட்டாள்.

லின்சி அதை மிதித்துக்கொண்டு போனாள்.

முனை தாண்டியதும் சத்தம் நின்றது. எல்லோரும் சோடாக் கடை வாசலில் உட்கார்ந்தார்கள். எல்லோரும் ஒன்றையே செய்தார்கள். தோள்பட்டையைத் தேய்த்துவிட்டுக்கொண்டார்கள். யாரும் ஒரு பையைக்கூடத் தூக்கவில்லை.

"தோள் கழண்டு விழுற மாதிரி இருக்கு" என்றாள் பிரதீபா. கடைகளை ஏன் மூடினார்கள் என்று அவள் கேட்கவில்லை. யோசித்துச் சொல்வதாகச் சொல்லிவிட்டு அறைக்குப் போனாள். எல்லாம் போச்சு என்று லின்சி நினைத்தாள்.

அவர்களை அனுப்பிவிட்டு நேராக அஸார் பாயிடம் போனாள்.

"யாரு பாய் சொன்னா உங்கள மூடச் சொல்லி?"

"யாரும்மா சொல்லணும்? பாடி போச்சு. மூடினோம்."

"நான்தானே வந்தேன். எந்த பாடியும் போகல."

அஸார் அவளை ஒரு மாதிரி பார்த்தார். அப்புறம் அத்தர் புட்டிகளைத் துடைக்க ஆரம்பித்தார். "நேரமாச்சு, வீட்டுக்குப் போம்மா" என்றார்.

பொய் சொல்கிறவர்தான் முகத்தைத் திருப்புவார். லின்சி அப்படித்தான் எடுத்துக்கொண்டாள்.

திங்கட்கிழமை தியாகு ஊர் திரும்பினான். லின்சி அவனுக்காகத் தெரு முனையில் காத்துக்கொண்டிருந்தாள். அவன் வண்டியை நிறுத்திவிட்டு எல்லையம்மாளிடம் போனான். அக்கா வீட்டுக்கு எப்போதும் அவளிடம்தான் பூ வாங்குவான். எல்லையம்மாள் நிமிரவே இல்லை. "இல்ல, விக்கிறதுக்கு இல்ல" என்று கூடையை இழுத்து மூடிக்கொண்டாள். கூடையில் மல்லிகை நிறைய இருந்தது. கடை வாசலில் நின்ற அஸார் பாய், தியாகுவைக் கண்டதும் உள்ளே போய்விட்டார்.

லின்சி மனதுக்குள் சிரித்துக்கொண்டாள். என்ன நடிப்பு. மூன்று பேரும் முன்பின் தெரியாதவர்களாம்!

"சனிக்கிழமை நல்லா நடந்துச்சா?" என்று கேட்டுக்கொண்டே வந்தான் தியாகு.

"நீ ஏற்பாடு பண்ணது, நல்லா நடக்காம இருக்குமா?"

அவனுக்குப் புரியவில்லை. அவள் கொட்டித் தீர்த்தாள். ஷட்டர், சேகண்டி, பூ, எல்லாம். அவன் முகம் வெளுத்தது. பயத்தில் வெளுத்த முகத்தைக் குற்றம் செய்தவன் முகம் என்று அவள் கணக்குப் போட்டாள்.

"லின்சி, சத்தியமா நான் எதுவும் சொல்லல."

"இனிமே இந்தத் தெருவுல உனக்கு வேலை இல்ல. திருவையாறு திருவையாறுன்னியே, அங்கயே போ."

தியாகு வண்டிச் சாவியை எடுத்தான். "சரி" என்றான். அவ்வளவுதான்.

செவ்வாய் மாலை பிரதீபா போன் செய்தாள்.

"மேடம், எங்க ஆளுங்க எல்லாருக்கும் ரொம்பப் பிடிச்சிருக்கு. தை வரைக்கும் அனுப்பறோம். அதுவும் அந்தக் கடைசித் தெருவுல ஷட்டர் இறக்கி இறக்கி ஏத்துனாங்களே... நீங்க செட் பண்ணதா? பிரமாதம்ங்க. இந்தத் தோள் வலிதான் இன்னும் போகல."

லின்சிக்குச் சந்தோஷம் வரவில்லை. கூட்டாளியை விரட்டியதை நினைத்து வெட்கம்தான் வந்தது. தியாகுவைக் கூப்பிடலாம் என்று போனை எடுத்தாள். நாளைக்குப் பேசிக்கொள்ளலாம் என்று வைத்துவிட்டாள்.

புதன்கிழமை விடியற்காலை மழை. தியாகு வண்டியை எடுத்துக்கொண்டு திருவையாறு கிளம்பினான். புது நடைக்குத் தெருக்களைப் பார்த்து வைக்க வேண்டுமாம். குறுவை அறுப்பு முடிந்த சமயம். குடமுருட்டிப் பாலத்துக்குக் கொஞ்சம் முன்னால், காயப்போட்ட வைக்கோல் ரோடு முழுக்க நனைந்து கிடந்தது. வண்டி வழுக்கியது.

ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகும்போதே உயிர் இல்லை.

மறுநாள் மாலை, அவனுடைய அக்கா வீட்டிலிருந்து எடுத்தார்கள். வழி அந்தத் தெருதான். லின்சி தெரு முனையில், எல்லையம்மாளுக்குப் பக்கத்தில் நின்றாள். அழுது அழுது முகம் வீங்கியிருந்தது. தெருவின் அந்தக் கோடியில் சேகண்டி கேட்டது.

டொய்ங்...

அஸார் பாய் எழுந்தார்.

கடகடகட... டம்.

பாத்திரக் கடை.

வளையல் கடை.

எல்லையம்மாள் எழுந்து நின்று ஒரு கை உதிரிப்பூவை அள்ளினாள். தியாகு அவர்களைக் கடந்து போனான். முன்னால் அவனுடைய அக்கா கணவர் கொள்ளிச்சட்டியோடு போனார். பின்னால் ஷட்டர்கள் ஒவ்வொன்றாக ஏறின.

"அக்கா... சனிக்கிழமை என்ன பாத்தீங்க?"

எல்லையம்மாள் சாக்கில் உட்கார்ந்தாள்.

"பாடை போனா எல்லாரும் குனிஞ்சுக்குவாங்க. யாரும் முகத்தப் பாக்க மாட்டாங்க. நான் பாத்துட்டேன் பாப்பா. தியாகு தம்பி."

"அக்கா..."

"போய்ச் சேந்துட்டானேன்னு பூ போட்டேன். ரெண்டு நாள் கழிச்சு அதே புள்ள முன்னாடி வந்து நின்னு பூ கேக்குது. நான் எப்படி நிமிந்து பாப்பேன், சொல்லு? அஸார் பாய்கிட்ட மட்டும்தான் சொன்னேன். வாயத் தொறக்காத, சொன்னா பலிச்சிடும்னாரு."

"தூக்கிட்டு வந்தது யாரு?"

"ஓங்கூட வந்தவங்கதான். எட்டுப் பேரும்."

அன்று முன்னால் நடந்தவள் லின்சிதான்.

"என்னைய... என்னையச் சாதாரணமாத்தானே பாத்தீங்க?"

எல்லையம்மாள் அவளுடைய கைகளைப் பார்த்தாள்.

"கொள்ளிச்சட்டி ஓங்கையிலதான் இருந்துச்சு பாப்பா."