பட்டியலில் இல்லாத நாவல் மரம்

புதுச்சத்திரத்துக்குப் பக்கத்தில், சேலம் – நாமக்கல் சாலையை ஒட்டி எங்களுக்கு ஒரு தோட்டம் இருந்தது. அதில் பாதியைச் சாலை விரிவாக்கத்துக்கு எடுக்கப் போவதாக நோட்டீஸ் வந்தபோது எனக்கு எட்டு வயது. அப்பா லாரியில் வடக்கே போயிருந்ததால் பெரியப்பாதான் வாங்கிப் படித்தார். கிணற்றுப் பாசனத்தில் மரவள்ளி விளைந்த நிலத்தை மானாவாரி என்றும், காய்த்துக்கொண்டிருந்த தென்னைகளைப் புதர் என்றும் எழுதியிருந்தார்களாம். புதருக்கு என்ன விலை போடுவார்கள்? பெரியப்பா அக்கம்பக்கத்துத் தோட்டக்காரர்களோடு சேர்ந்து மனுவுக்கு மேல் மனு போட்டார். கடைசியில், மறுபடி வந்து பார்க்கிறோம் என்று அதிகாரிகள் ஒப்புக்கொண்டார்கள்.

என் கவலையெல்லாம் வேறு. எடுக்கப்போகும் பாதியில், ஊர்ப் பொது வண்டித்தடத்தை ஒட்டிய எங்கள் கிணற்றின் மேல் ஒரு நாவல் மரம் சாய்ந்து நின்றது. கிளையில் குப்புறப் படுத்துக் கீழே பார்த்தால் தண்ணீருக்குள் இன்னொரு நாவல் மரம், அதன் கிளையில் இன்னொரு நான். பழம் ஒன்று விழுந்தால் அந்த மரமும் அந்த நானும் கலைந்துபோய், மெல்ல மெல்ல மறுபடி கூடி வருவோம். பள்ளிக்கூடம் விட்டு வந்தால் பொழுது சாயும்வரை அங்கேயே கிடப்பேன்.

அதிகாரிகள் வரும் நாளன்று காலையில் அம்மா பழைய மஞ்சள் சேலை ஒன்றைக் கிழித்து, கணக்கில் ஒரு மரம்கூட விட்டுப்போகக் கூடாதென்று மரத்துக்கு ஒரு துணியாகக் கட்டினாள். சாலையோரப் புளியமரங்களுக்கும் முன்பு இப்படித்தான் வெள்ளை பெயிண்டில் எண் போட்டார்கள். எண் போட்ட மரத்தில் ஒன்றுகூட மிஞ்சவில்லை. அம்மா அந்தப் பக்கம் போனதும் நாவல் மரத்துத் துணியை அவிழ்த்துப் பாவாடை இடுப்பில் சொருகிக்கொண்டேன்.

மதியம் ஜீப்பில் மூன்று பேர் வந்தார்கள். கிணற்றுத் தண்ணீர் கடைசி வயல் வரை பாய்வதைக் காட்டப் பெரியப்பா இரண்டு பேரை வாய்க்காலோடு கூட்டிப் போனார். மூன்றாமவர் நோட்டுப் புத்தகத்தோடு துணி கட்டிய மரங்களை எண்ணிக்கொண்டு வந்தார். நாவல் மரத்தடியில் நின்று, இதில் துணியைக் காணோமே என்றார்.

அம்மா வாய் திறப்பதற்குள் நான் முந்திக்கொண்டேன். "அது எங்க மரமில்லீங்க சார். தடத்து மரமுங்க."

அவர் அம்மாவைப் பார்த்தார். "அப்படியாம்மா?"

அம்மா என்னைப் பார்த்தாள். என் இடுப்பில் மஞ்சள் துணியின் நுனி நீட்டிக்கொண்டிருந்தது.

"ஆமாங்க," என்றாள்.

அன்று முழுக்க எனக்குக் கால் தரையில் பாவவில்லை. அம்மாவும் என் கட்சி. நாங்கள் இருவரும் சேர்ந்து மரத்தைக் காப்பாற்றிவிட்டோம்.

பல மாதம் கழித்துப் புது உத்தரவு வந்தது. நிலம் பாசன நிலமாகியிருந்தது, தென்னை தென்னையாகியிருந்தது. கேட்டது முழுக்கக் கிடைக்காவிட்டாலும் பெரியப்பாவுக்கு நிம்மதி. பட்டியலின் கடைசிக்கு வந்தவர் நாவல் எங்கே போச்சு என்று அம்மாவைக் கேட்டார்.

"நாந்தானுங்க மாமா, துணி கட்ட மறந்துபோட்டேன்."

காய்க்கிற மரத்தை இப்படிச் சும்மா விட்டுவிட்டாயே என்று சாப்பிட்டு எழுந்திருக்கும்வரை அவர் ஏசினார். அம்மா ரசம் ஊற்றினாள். நான் தலையைக் குனிந்து சாப்பிட்டுக்கொண்டிருந்தேன்.

பிறகொரு நாள் பள்ளிக்கூடம் விட்டு வந்தபோது கிணறு நிறைய வானம் மட்டும் இருந்தது. துணி கட்டிய மரங்களோடு நாவலும் போயிருந்தது. அம்மாவோடு இரண்டு நாள் நான் பேசவில்லை. அவளும் ஏனென்று கேட்காமல் எனக்குத் தலை பின்னிவிட்டாள்.

துணி கட்டினாலும் கட்டாவிட்டாலும் அந்த மரம் போகத்தான் போகிறதென்று அவளுக்கு முதலிலேயே தெரியும். முன்பின் தெரியாத ஒருவர் முன்னால் மகளைப் பொய்க்காரியாக்க மனமில்லாமல்தான் ஆமாங்க என்றாள். அது எதுவும் எனக்கு அப்போது எட்டவில்லை. அம்மா என் மரத்தை விற்றுவிட்டாள் என்று அழுதேன். வெட்டுப்பட்டவற்றில் அவள் விலை வாங்காத மரம் அது ஒன்றுதான்.