வெங்கடபதி கட் சொல்லாத அடி

வெங்கடபதி சினிமாவில் வாங்காத அடி இல்லை. போத்தனூர்க்காரர். கதாநாயகர்களிடம் உதை வாங்கியே வீட்டில் உலை வைத்தவர். கண்ணாடிக்குள் விழுந்தார், படிக்கட்டில் உருண்டார், விலா எலும்பு முறிந்து கிடந்தார். அவர் முகத்தைப் பார்த்தாலே குழந்தைகள் அழும். மனுசன் என்னவோ பூனைக்குப் பால் வைக்கிறவர்தான்.

அவரோடு விழுந்து எழுந்தவன் பவானி வேலுமணி. முகம் தெரியாமல் முதுகில் அடி வாங்கும் சண்டைக்காரன். அவர்கள் கூட்டத்தில் ஒரு வழக்கம் உண்டு. அடி வாங்கப்போகிறவன் முதலில் தன் தொடையில் ஒரு தட்டுத் தட்டுவான். நான் தயார் என்று அர்த்தம். அது கேட்ட பிறகுதான் அடிக்கிறவன் கையை வீச வேண்டும். தலை அந்த நொடியில் திரும்பிக்கொள்ளும், அடி காற்றில் போய்விடும்.

ஒரு மில் முதலாளி தன் மகன் வம்சியைக் கதாநாயகனாக்கப் பணம் போட, வெங்கடபதி இயக்குநரானார். அந்தியூர்க் குதிரைச் சந்தை மைதானத்தில் கடைசிச் சண்டை. வம்சி கையில் சாட்டைக் கம்பு. காலையிலேயே ஒருவன் உதட்டைக் கிழித்துவிட்டு, "சாரிங்க, வேகத்துல பட்டுப்போச்சு" என்று சிரித்தவன் அவன்.

வம்சியிடம் அடி வாங்க வேண்டியவன் வேலுமணி. ஒத்திகையை வெங்கடபதி மானிட்டரில் பார்த்தார். முகம் சுருங்கியது.

"வேலுமணி, தொடையத் தட்டறது கேமராவுல தெரியுது. பொய்யாட்டம் இருக்குது. தட்டாதே."

"ஏனுங்ணா, தட்டாம எப்படிங்க? அந்தத் தம்பி கை நிக்காதுங்க."

"என்ன, பயமா?"

"உங்ககூட மாடியில இருந்து குதிச்சவனைப் பார்த்துக் கேக்கற கேள்விங்களா இது?" என்று வேலுமணி பல்லைக் காட்டிக்கொண்டு போய் நின்றான்.

அவன் தட்டவில்லை. வம்சி வீசிய கம்பு இடது காதில் இறங்கியது. தேங்காய் உடைவது போல ஒரு சத்தம். குதிரைச் சாணத்தில் குப்புற விழுந்தவனின் காதிலிருந்து ரத்தம் கொட்டியது. எழ முயன்றவன் வயிற்றில் வம்சி ஓங்கி ஓர் உதை விட்டான். இன்னொன்றும் விட்டான். வேலுமணி மண்ணைப் பிறாண்டினான்.

வெங்கடபதி திகைத்துவிட்டார், கவனிக்கவில்லை என்று இன்றைக்கும் அவருக்காகப் பேசுகிறவர்கள் இருக்கிறார்கள். அதெல்லாம் இல்லை. அவர் பார்த்துக்கொண்டுதான் இருந்தார். இத்தனை வருடத்தில் இப்படி ஓர் அடி படத்தில் விழுந்ததில்லை என்று அவருக்குத் தெரிந்தது. அதனால் கட் சொல்லவில்லை. லைட்காரர்கள் ஓடிப்போய்த்தான் வம்சியை இழுத்தார்கள்.

கோயம்புத்தூர் ஆஸ்பத்திரியில், இடது காது இனிக் கேட்காது என்று சொல்லிவிட்டார்கள். வேலுமணியின் மனைவி அன்புக்கரசி செருப்பைக் கழற்றி, வராந்தாவில் அத்தனை பேர் முன்னால் வெங்கடபதியின் கன்னத்தில் அறைந்தாள்.

"உம்பட படத்துக்கு எம்பட புருசன் காதா கேட்டுது? அந்த அடி படத்துல வரக்கூடாது. வந்துச்சுன்னா பாரு!"

"வராதுங்க அம்மணி. சத்தியமா வெட்டிப்போடறேன்," என்றார், உதட்டு ரத்தத்தைத் துடைக்காமல்.

வெட்டவில்லை. வெட்டுகிற மேசையில் உட்கார்ந்து, பார்த்துப் பார்த்து, அப்படியே விட்டுவிட்டார்.

காந்திபுரத்தில் முதல் காட்சி. வெங்கடபதி முன்னால் உட்கார்ந்திருந்தார். இரண்டு வரிசை பின்னால் வேலுமணியும் அன்புக்கரசியும். கம்பு இறங்கியது. திரை நிறைய வேலுமணியின் முகம், ரத்தம், திறந்த வாய். தியேட்டரே எழுந்து விசிலடித்தது.

அன்புக்கரசி புருசன் கையைப் பிடித்து இழுத்தாள். "எந்திரிங்க, ஊட்டுக்குப் போலாம்."

"இரு அம்மணி," என்றான் வேலுமணி, வலது காதைத் திரைப்பக்கம் திருப்பிக்கொண்டு. கண் பளபளத்தது. "என் மூஞ்சிக்கு விசிலடிக்கறாங்க. இத்தன வருசத்துல மொத மொறை."

அவள் கையை விட்டாள். ஆனால் உட்காரவில்லை. "அக்கா, மறைக்குதுங்க, உக்காருங்க" என்று பின்னாலிருந்து கத்தினார்கள். படம் முடியும்வரை, வெங்கடபதியின் பிடரியையே பார்த்துக்கொண்டு நின்றாள். அவரும் கடைசிவரை திரும்பவில்லை.