சீல் வைத்த பெட்டிக்குள் ஒரு ஆள்

மூன்றாம் வகுப்போடு பள்ளியை விட்டவன் நான். மூட்டை தூக்கி, கிளீனராக ஓடி, இன்றைக்குத் திருவொற்றியூரில் சொந்தமாகப் பதினொரு டிரெய்லர் வைத்திருக்கிறேன். எண்ணூர் சாலையில் என் வண்டிக்கு ஒதுங்காதவன் கிடையாது. அப்படிப்பட்டவனுக்கு ஒரு மதியம், பூட்டி சீல் வைத்த கண்டெய்னருக்குள்ளிருந்து யாரோ தட்டுகிற சத்தம் கேட்டது.

சீலை உடைத்துத் திறந்தேன். தோல் கட்டுகள்தான். ஆனால் அதற்குப் பிறகு எல்லாப் பெட்டியிலும் கேட்டது. அந்த மாதம் மட்டும் நான்கு சீல் உடைத்தேன். சீல் உடைந்த பெட்டியைத் துறைமுகத்துக்குள் விடமாட்டார்கள், கப்பல் போய்விடும். ஆபீஸைப் பார்த்துக்கொள்ளும் என் மகள் சொல்லிவிட்டாள்: "இன்னொரு சீலு ஒடைஞ்சிதுன்னா, நீ யார்டு பக்கமே வராத நைனா. மொதல்ல மனசு டாக்டராண்ட போ."

வண்டிகள் நிற்கிற அந்த யார்டு இல்லாவிட்டால் நான் யார்? பயந்துகொண்டே போனேன்.

ராயபுரத்தில் ஒரு மாடியில் கிளினிக். டாக்டரம்மா கதவைச் சாத்திவிட்டு, கட்டிலில் படுத்து, மனதில் தோன்றுவதையெல்லாம் சொல்லச் சொன்னார்.

"படுத்துகினு கீறவனை விசாரிக்கிறது எமன் ஒருத்தன்தாம்மா. நான் குந்திகினே சொல்றேன். அந்தக் கதவைத் தொறந்து வை."

திறந்தார். வெளியே காத்திருந்தவர்களுக்கும் கேட்கிற மாதிரி ஆகிவிட்டது. "பொட்டிக்குள்ள ஒரு ஆளு கீறான்" என்றேன்.

"ரெண்டு" என்றது வெளியிலிருந்து ஒரு குரல். மீன் ஏலம் விடுகிற அம்மா. யார் எதைச் சொன்னாலும் ஏற்றிச் சொல்வதுதான் அவருக்கு வியாதி. "மூணு. மூணு ஆளு. மேல யாராச்சும்?"

கதவைச் சாத்த எழுந்தேன்.

இன்னொரு நோயாளி எழுந்து வந்தார். லாரி எடைமேடையில் வேலை பார்த்து ஓய்ந்த கிழவர். தன் எடை தினமும் குறைகிறது, பறந்துவிடுவோம் என்று சட்டைப் பையெல்லாம் இரும்பு நட்டு நிரப்பியிருந்தார். "இன்னாத்துக்குப் பயப்படுற? காலிப் பொட்டி எடை தெரியும், சரக்கு எடை தெரியும். அதுக்கு மேல வந்தாதான் ஆளு."

எனக்கு உயிர் வந்தது. டாக்டரம்மாகூட அதை எழுதிக்கொண்டார்.

"ஆனா ஒண்ணு மாமு. அந்த மெஷினு பத்து கிலோவுக்குக் கீழ காட்டாது" என்றார் கிழவர்.

பத்து கிலோவுக்குக் கீழே என்ன ஆள் இருக்கும் என்று யாரும் கேட்கவில்லை. ஏலக்கார அம்மாவும் வாயைத் திறக்கவில்லை.

மறுநாள் டிரெய்லரில் ஒரு பெட்டி ஏறியது. எடைச் சீட்டு சரியாக இருந்தது. தட்டுகிற சத்தமும் இருந்தது, மெல்ல. மகள் என் கையையே பார்த்துக்கொண்டு நின்றாள். "போவட்டும்" என்றேன். முதல் டிரெய்லர் வாங்கும்போதுகூட எனக்கு அவ்வளவு தைரியம் தேவைப்படவில்லை.

கப்பலில் போய்ச் சேர்ந்து பெட்டியைத் திறந்த ஊரில் விசாரிக்க மகளிடம் சொன்னேன். சரக்கு சரியாக வந்தது என்று பதில் வந்தது. சரக்கைப் பற்றி மட்டும்தான் எழுதியிருந்தார்கள். இன்னொரு தடவை கேள் என்றேன். மகள் மாட்டேன் என்றுவிட்டாள்.

நாளைக்கு இரண்டு பெட்டி ஏறுகிறது.