பீரோவுக்குப் பின்னால் அருவி

இரும்புலியூர் வீட்டில் எங்கள் ஹால் சுவர் எப்போதும் ஓதம் ஏறியே இருக்கும். அதை மறைக்க, தொண்ணூறுகளின் தொடக்கத்தில் என் கணவர் ஒரு வால்பேப்பர் வாங்கிவந்து ஒட்டினார். சுவர் முழுக்க அருவி. "குற்றாலத்தையே வீட்டுக்குக் கொண்டாந்துட்டேன் பாரு" என்றார். ஒவ்வொரு மழைக்காலமும் கீழ் மூலை பிரிந்துகொள்ளும். அவரே மைதா பசை காய்ச்சி, பழைய துணியால் நீவி நீவி ஒட்டுவார்.

பக்கவாதம் வந்து அவருடைய வலது கை விழுந்துபோன வருடமும் அது பிரிந்தது. கட்டிலில் படுத்தபடி அதையே பார்த்துக்கொண்டிருப்பார். நான் பள்ளிக்கூடத்தில் பாடம் நடத்திவிட்டு வந்து செருப்பைக் கழற்றும்போதே, "அந்த மூலையக் கொஞ்சம் ஒட்டிடேம்மா" என்பார். நாலு நாள் தள்ளிப்போட்டேன். ஐந்தாம் நாள், "எனக்கு இருக்கிற வேலையில இது ஒண்ணுதான் கொறச்சல்" என்று சொல்லிவிட்டு, பக்கத்து வீட்டுக்காரரைக் கூப்பிட்டு பீரோவைத் தள்ளி அந்த இடத்தை மறைத்தேன்.

அதற்குப் பிறகு அவர் கேட்கவே இல்லை.

பொங்கல் கழிந்து அவர் போய்விட்டார். அவரைக் கிடத்த இடம் வேண்டுமென்று உறவினர்கள் பீரோவை நகர்த்தினார்கள். பாதி அருவி சுருண்டு தரையில் கிடந்தது, சுவரில் பூசணம் படர்ந்திருந்தது. துக்கத்துக்கு வந்த எதிர்வீட்டுப் பெண், "இன்னாக்கா, செவுத்த இப்டி வுட்டுட்ட" என்றாள். குறையாகச் சொல்லவில்லை.

காரியமெல்லாம் முடிந்த பிறகு பசை காய்ச்சிக்கொண்டு வந்து உட்கார்ந்தேன். தொட்டதும் தாள் கையோடு கிழிந்து வந்தது. அவர் கேட்ட அன்று அது கால் மணி நேர வேலையாகத்தான் இருந்தது.