தேதி போடாத கடிதம்

எங்கள் அக்காவின் பதினாறாம் நாள் காரியத்துக்கு வந்து, இந்த நினைவு மலரைக் கையில் வாங்கியிருக்கும் உங்கள் அனைவருக்கும் வணக்கம். அக்கா தனியாளாகக் கேஸ் நடத்தி ஜெயித்தவர் என்று அடக்கத்தன்று பலர் பெருமையாகப் பேசினார்கள். அது பாதி உண்மைதான். மீதியைச் சொல்லாவிட்டால் அக்காவே என்னை மன்னிக்க மாட்டார்.

ராயபுரத்தில், துறைமுகத்தில் மூட்டை தூக்கியவரின் மூத்த மகளாகப் பிறந்தார் அக்கா. ஜப்பான் குண்டு விழும் என்று பட்டணமே காலியான சண்டைக் காலத்திலும், போக்கிடம் இல்லாமல் இங்கேயே இருந்து படித்து, டீச்சர் டிரெயினிங் முடித்தார். திருவொற்றியூரில் ஒரு தனியார் ஆரம்பப் பள்ளியில் வேலை கிடைத்தது. சேர்ந்த அன்றே நிர்வாகி ஒரு ராஜினாமாக் கடிதம் எழுதி வாங்கிக்கொண்டார். அதில் கையெழுத்து உண்டு, தேதி கிடையாது. எல்லா ஆசிரியர்களின் கடிதங்களும் அப்படித்தான் அவருடைய அலமாரியில் இருந்தன. வேண்டாதவரின் கடிதத்தில் ஒரு தேதியைப் போட்டால் போதும், அவர் தாமாகவே விலகியதாக ஆகிவிடும். வேலை கிடைத்த சந்தோஷத்தில் அக்கா அதைப் பெரிதாக எண்ணவில்லை.

நான்காம் வருடம் பிரசவ விடுப்புக் கேட்டார். குழந்தையைப் பெற்றுப் பள்ளிக்குத் திரும்பியபோது நிர்வாகி அந்தக் கடிதத்தைக் காட்டினார். அக்கா நேரில் வந்து கொடுத்துவிட்டுப் போனாராம். வருகைப் பதிவில் அக்கா வராத முதல் நாளைப் பார்த்துத் தேதி போட்டிருந்தார்கள். அன்றுதான் ஆஸ்பத்திரியில் குழந்தை பிறந்தது.

அக்கா கோர்ட்டுக்குப் போனார். ஆஸ்பத்திரிச் சான்றே போதும் என்று நம்பினோம். ஆனால் எதிர்க்கட்சி வக்கீல் பேச்சை மாற்றி, கடிதத்தை ஆள் மூலம் கொடுத்தனுப்பினார் என்றார். சேரும்போதே எழுதி வாங்குவது அங்கே வழக்கம் என்று உடன் வேலை செய்பவர் ஒருவராவது சாட்சிக் கூண்டேறிச் சொன்னால்தான் கேஸ் நிற்கும் என்றார் எங்கள் வக்கீல்.

வீடு வீடாக ஏறி இறங்கினோம். ஒருவர் கதவையே திறக்கவில்லை. யாரையும் குறை சொல்ல எனக்கு வாய் வரவில்லை, அவரவர் கடிதமும் அதே அலமாரியில்தானே இருந்தது. கணவரை இழந்து இரண்டு பிள்ளைகளை வளர்த்துவந்த மரகதம் டீச்சர் மட்டும் வருகிறேன் என்றார். "என்னால ஒங்க வேல பூடும்க்கா, வாணாம்" என்று அக்காவே அழுது தடுத்தார்.

"பயமாத்தான் கீது. ஆனா நீ புள்ள பெத்துக்கினு இருந்த நாள்ல ராஜினாமா குட்த்தன்னு சொல்றாங்கோ. அத்த கேட்டுகினு சும்மா இருந்துட்டு, நான் எப்டிம்மா பசங்களுக்குப் பாடம் சொல்றது?" என்றார் டீச்சர்.

கூண்டில் எதிர் வக்கீல் எவ்வளவு மடக்கியும் அவர் சொன்ன சொல் மாறவில்லை. அக்காவை மீண்டும் சேர்க்க வேண்டும், விடுப்புக்காலச் சம்பளமும் தர வேண்டும் என்று தீர்ப்பானது. தீர்ப்பு அக்காவுக்குத்தான், அலமாரியில் இருந்த மற்றக் கடிதங்களுக்கு அல்ல. அக்கா வேலைக்குத் திரும்பிய அதே வாரம் மரகதம் டீச்சரின் கடிதத்தில் தேதி விழுந்தது. கோர்ட்டுக்குப் போகலாம் என்று அக்கா எவ்வளவோ கெஞ்சியும், இன்னொரு கேஸுக்குத் தெம்பில்லை என்று டீச்சர் மறுத்துவிட்டார்.

அதன் பிறகு அக்கா அந்தப் பள்ளியில் ஒருநாள்கூட நிம்மதியாக இருந்ததில்லை. கடைசியாக டைபாய்டில் படுத்திருந்தபோதும், "என் வேல நின்னுது, அவங்க வேல போச்சி. அத்த மறந்துடாதடி" என்றுதான் என்னிடம் சொன்னார்.

அக்கா போன பத்தாம் நாள், தீட்டுக்கூடக் கழியாத நிலையில், நிர்வாகி என்னைக் கூப்பிட்டனுப்பினார். அக்காவின் இடத்தை எனக்கே தருவதாகச் சொன்னார். வேலை வேண்டாம் என்று நான் பொய் சொல்லப் போவதில்லை. டிரெயினிங் முடித்து ஒன்றரை வருடமாகச் சும்மா இருப்பவள் நான். ஆனால் அவர் ஒரு வெள்ளைத் தாளை என் பக்கம் நகர்த்தி, ராஜினாமா வாசகத்தையும் சொல்லி, தேதி மட்டும் வேண்டாம் என்றார். பேனாவை மூடி வைத்துவிட்டு எழுந்து வந்துவிட்டேன்.

அக்காவைக் கண்ணிமைபோல் பார்த்துக்கொண்ட மாமாவுக்கும், வைத்தியம் பார்த்த டாக்டருக்கும், கேஸை நடத்திய வக்கீலுக்கும், இரவு பகல் பாராமல் உதவிய தெருக்காரர்களுக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. மரகதம் டீச்சருக்கு வெறும் நன்றி சொல்லக் கூச்சமாக இருக்கிறது. அக்காவின் இடத்தை அவருக்கே தர வேண்டும் என்று கல்வி அதிகாரிக்கு மனு எழுதியிருக்கிறேன். முதலில் தேதியைப் போட்டேன், பிறகுதான் கையெழுத்து. நிர்வாகி அவர்களுக்கும் இந்த நினைவு மலரின் பிரதி ஒன்றை அனுப்பியிருக்கிறோம்.